ஹோமருக்காக வழக்காடிய பெண்மணி



தேர்வுத் தாளில் 'தமிழில் மொழிபெயர்க்க' என்று ஒரு வினா வந்தால் நம்மில் பலர் என்ன செய்கிறோம்? தெரிந்த சொற்களை எழுதுகிறோம். தெரியாத சொல்லைத் தாண்டிச் செல்கிறோம். புரியாத தொடரை நமக்குத் தோன்றியபடி மாற்றி விடுகிறோம். போனால் இரண்டு மதிப்பெண் போகட்டும் என்று விட்டு விடுகிறோம்.

ஆனால் இவ்வாறு தாண்டிச் செல்வதும் மாற்றி எழுதுவதும் முறைதானா என்று ஒரு நாட்டின் கற்றோர் எல்லாரும் இரு கட்சியாகப் பிரிந்து வாதாடிய காலம் ஒன்று உண்டு. நாடு பிரான்ஸ். காலம் 18ஆம் நூற்றாண்டின் தொடக்கம். ஒரு கட்சியின் முன்னணியில் நின்றவர் ஒரு பெண்மணி. பெண்களுக்குக் கிரேக்கமும் இலத்தீனும் கற்பிக்கும் பள்ளிகளே இல்லாத நாளில் அவ்விரு மொழிகளையும் துறைபோகக் கற்றவர் அவர். 'மதாம் தசியே' என்று ஐரோப்பா முழுவதும் மதித்த ஆன் தசியே அம்மையாரின் வாழ்வையும், அவரைச் சூழ்ந்திருந்த அறிஞர் வட்டத்தையும் இக்கட்டுரையில் காண்போம்.

பூவேலையும் கிரேக்கமும்

பிரான்சு நாட்டில் லுவார் ஆற்றங்கரையில் சோமூர் என்ற ஊர் உள்ளது. 17ஆம் நூற்றாண்டில் அங்கே புரொட்டஸ்டன்டு சபையினரின் உயர்கல்விக் கழகம் ஒன்று சிறந்து விளங்கியது. அதில் கிரேக்கமும் இலத்தீனும் கற்பித்தவர் தானகி லெ ஃபேவர் என்னும் பேராசிரியர். அவருடைய மகளே ஆன். அந்நூற்றாண்டின் நடுப்பகுதியில் பிறந்து, அவ்வூரில் வளர்ந்தவர்.

அவர் கல்வி தொடங்கிய விதத்தைப் பற்றி ஒரு செய்தி வழிவழியாகச் சொல்லப்படுகிறது. தந்தை தம் மகனுக்கு நாள்தோறும் பாடம் சொல்லிக் கொடுப்பார். சிறுமி ஆன் அதே அறையின் ஒரு மூலையில் துணியில் பூவேலை செய்துகொண்டிருப்பாள். ஒருநாள் தந்தை கேட்ட கேள்விக்கு மகன் விடை தெரியாமல் விழித்தான். பூவேலையிலிருந்து தலை நிமிராமலே தங்கை மெல்ல விடையை எடுத்துக் கொடுத்தாள். தந்தை வியந்து போனார். அன்று முதல் மகளுக்கும் பாடம் தொடங்கிற்று. பூவேலைக்கு ஒதுக்கிய நேரம் குறைந்ததே என்று முதலில் சிறுமி வருந்தினாளாம்!

இளம் வயதில் அவ்வூர் நூல் வணிகர் ஒருவரை ஆன் மணந்தார். அம்மணவாழ்வு நிலைக்கவில்லை. 1672இல் தந்தையும் இறந்தார். கையில் செல்வம் இல்லை. தந்தை தந்த கல்வி மட்டுமே இருந்தது. காலிமாக்கஸ் என்ற பழங்காலக் கிரேக்கப் புலவரின் பாடல்களைப் பதிப்பிக்கும் பணி பாதி முடிந்திருந்தது. அந்தக் கையெழுத்துத் தாள்களோடு அவர் பாரிஸ் நகரம் சென்றார்.

இளவரசருக்காக எழுந்த நூல்கள்

அப்போது பிரான்சை ஆண்டவர் பதினான்காம் லூயி மன்னர். அவருடைய மூத்த மகனின் கல்விக்கு மோந்தோசியே பிரபு பொறுப்பேற்றிருந்தார். புகழ் பெற்ற மறையுரையாளரான ஆயர் பொசுவே தலைமை ஆசிரியர். பின்னாளில் ஆயரான உயே என்னும் பேரறிஞர் துணையாசிரியர். இளவரசர் படிப்பதற்காக இலத்தீன் நூல்களை எல்லாம் புதிதாகப் பதிப்பிக்க இவர்கள் திட்டமிட்டனர். மூல பாடம், எளிய இலத்தீனில் விளக்கக் குறிப்புகள், இறுதியில் சொல்லடைவு என்ற ஒழுங்கில் அவை அமைந்தன.

இப்பணிக்கு நாடெங்கும் அறிஞர்களைத் தேடிய உயே, ஆனின் புலமையை அறிந்து அவருக்கும் பங்கு அளித்தார். 1674இல் ஃபுளோரஸ் என்ற வரலாற்று ஆசிரியரின் நூலை ஆன் பதிப்பித்தார். அடுத்து 1680, 1681, 1683ஆம் ஆண்டுகளில் மேலும் மூன்று நூல்கள் வெளிவந்தன. ஆண் அறிஞர்களுக்கு நடுவே, அவர்களுக்கு இணையாக, ஒரு பெண்ணின் பெயர் அட்டையில் அச்சாகி வந்தது.

ஃபுளோரஸ் பதிப்பின் ஒரு படி ரோமாபுரி வரை சென்றது. சுவீடன் நாட்டு அரியணையை 1654இல் துறந்து, கத்தோலிக்க மறையைத் தழுவி, ரோமில் வாழ்ந்து வந்த கிறிஸ்டினா அரசி அதைப் பெற்றார். கல்வியில் பெருவிருப்புடைய அவ்வரசி ஆனைப் பாராட்டிக் கடிதம் எழுதினார். இத்தாலியின் பதுவா நகரத்து அறிஞர் கழகம் ஒன்று அவரைத் தன் உறுப்பினராகவும் சேர்த்துக் கொண்டது.

இலத்தீன் பதிப்புகள் கற்றவர்க்கே பயன்பட்டன. ஆனுடைய மனமோ கல்லாதவரையும் நாடிற்று. 1681இல் அனக்ரியோன், சாப்போ என்னும் கிரேக்கப் புலவர்களின் பாடல்களைப் பிரெஞ்சு உரைநடையில் தந்தார். சாப்போ ஒரு பெண்பாற் புலவர் என்பதை நினைவில் கொள்க. பின்னர் பிளாட்டஸ், அரிஸ்டோஃபனிஸ், டெரன்ஸ் ஆகியோரின் நகைச்சுவை நாடகங்களை மொழிபெயர்த்தார். அரிஸ்டோஃபனிஸின் நாடகம் பிரெஞ்சு மக்களுக்கு முதன்முதல் முழுமையாகக் கிட்டியது அவர் கையால்தான் எனலாம்.

இருவர் மேசை, ஒரு விளக்கு

1683இல் ஆன், தம் தந்தையிடம் பயின்ற மாணவரான ஆந்திரே தசியேயை மணந்தார். இருவரும் ஒரே ஆசிரியரின் பிள்ளைகள் போன்றவர்கள். கிரேக்கமும் இலத்தீனும் இணைந்த திருமணம் என்று அறிஞர் உலகம் வேடிக்கையாகப் பேசிற்று.

திருமணத்திற்குப் பின் இருவரும் ஆந்திரேயின் சொந்த ஊரான தென்பிரான்சின் காஸ்த்ருக்குச் சென்று தங்கினர். அங்கே மறைநூல்களை ஆராய்ந்து, 1685இல் கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்தனர். அதே ஆண்டு அக்டோபரில் மன்னர் புரொட்டஸ்டன்டு சபையினருக்கு இருந்த வழிபாட்டு உரிமையை நீக்கினார். எண்ணற்ற குடும்பங்கள் நாட்டை விட்டு வெளியேறின. சோமூர்க் கல்விக் கழகமும் அவ்வாண்டே மூடப்பட்டது. அரசின் நெருக்கடி அவ்வளவு மிகுந்திருந்த காலம் அது என்பதை நாம் மறத்தல் ஆகாது. எனினும் ஆராய்ந்து தெளிந்தே மாறினோம் என்பதில் தசியே தம்பதியர் இறுதிவரை உறுதியாக நின்றனர்.

பின்னர் பாரிஸ் திரும்பிய அவர்கள் இணைந்து உழைத்தனர். ரோமப் பேரரசர் மார்க்கஸ் அரேலியஸ் எழுதிய சிந்தனைகளை 1691இலும், புளூட்டார்க் எழுதிய பெரியோர் வரலாறுகளில் சிலவற்றை 1694இலும் பிரெஞ்சில் வெளியிட்டனர். ஆந்திரே பின்னர் பிரெஞ்சு அகாதெமியின் நிரந்தரச் செயலாளரானார். அரசரின் லூவர் மாளிகை நூலகப் பொறுப்பும் அவருக்குக் கிடைத்தது. தம்பதியர் அம்மாளிகையிலேயே குடியிருந்தனர். அந்நாளில் பெண்களுக்கு அகாதெமியில் இடம் இருக்கவில்லை. ஆயினும் அதன் செயலாளர் வீட்டில் பெரும்புலவர் யார் என்பதில் யாருக்கும் ஐயமில்லை.

இத்துணைப் புகழிலும் அம்மையார் அடக்கமுடையவர். செருமானிய அறிஞர் ஒருவர் ஊர் ஊராகச் சென்று புகழ் பெற்றவர்களின் கையொப்பம் வாங்கி வந்தார் என்றும், அவரிடமும் ஏட்டை நீட்டினார் என்றும் கூறுவர். இத்தனை பேரறிஞர் பெயரோடு என் பெயரும் வேண்டுமா என்று அம்மையார் மறுத்தார். அவர் விடாது வேண்டவே, தம் பெயரை எழுதி, பெண்களின் மௌனத்தைப் புகழும் சோஃபக்ளீஸ் நாடகத்து வரி ஒன்றையும் கிரேக்கத்திலேயே அதன் கீழ் எழுதித் தந்தாராம். அதே அம்மையார் பின்னாளில் மௌனம் காக்க மறுத்ததையே இனிக் காணப் போகிறோம்.

ஹெலனின் உருவம்

கிரேக்கப் பெருங்கவி ஹோமரின் இலியத், டிராய் நகரப் போரைப் பாடும் காவியம். அதில் 24 காண்டங்கள், 15,000க்கு மேற்பட்ட அடிகள் உள்ளன. அம்மையார் பல்லாண்டுகள் உழைத்து, விரிவான குறிப்புகளுடன் 1711இல் அதனைப் பிரெஞ்சு உரைநடையில் வெளியிட்டார். கிரேக்கம் அறிந்த புலவர்களுக்காக அவர் அதை எழுதவில்லை. மூலத்தைத் தொட முடியாத பொதுமக்களுக்காகவே எழுதினார்.

கவிதையை ஏன் உரைநடையில் தர வேண்டும்? பிரெஞ்சுச் செய்யுளின் எதுகைக்கும் அளவுக்கும் கட்டுப்பட்டால் ஹோமர் சொல்லாததைச் சேர்க்கவும் சொன்னதைக் குறைக்கவும் நேரும் என்று அவர் கருதினார். அதற்காக, சொல்லுக்குச் சொல் வைத்து எழுதும் அடிமைத்தனத்தையும் அவர் ஏற்கவில்லை. எழுத்தைக் காப்பாற்றப் போய் உயிரைக் கொன்றுவிடும் மொழிபெயர்ப்பு, உண்மையில் மூலத்திற்குத் துரோகம் செய்வதே என்பது அவர் கொள்கை.

தம் பணியின் குறையை விளக்க, நூலின் முன்னுரையில் அவர் ஓர் உவமை கூறுகிறார். டிராய்ப் போருக்குக் காரணமான பேரழகி ஹெலன் எகிப்தில் இறந்தாள் என்று வைத்துக் கொள்வோம். எகிப்தியர் தம் கலைத்திறன் முழுவதையும் காட்டி அவள் உடலைப் பதப்படுத்திக் காத்தனர் என்றும், அது இன்று பிரான்சுக்கு வந்தது என்றும் கொள்வோம். அவ்வுடலில் கண்ணின் ஒளி இராது. மேனியின் நிறம் இராது. ஆயினும் முகத்தின் அமைப்பும் உறுப்புகளின் அளவும் காண்போர்க்கு, இவள் உயிரோடிருந்தபோது எத்துணை அழகியாக இருந்திருப்பாள் என்பது விளங்கும். என் மொழிபெயர்ப்பும் அத்தகையதே என்கிறார் அம்மையார். தம் நூலைத் தாமே இவ்வாறு எடை போடும் ஆசிரியர் எத்தனை பேர்?

எல்லா இடத்திலும் அவர் தம் கொள்கையைக் காத்தார் என்றும் சொல்வதற்கில்லை. ஓரிடத்தில் ஹோமர், பகைவர் நடுவே அசையாது நின்ற அயாக்ஸ் என்னும் வீரனை, அடித்தாலும் வயலை விட்டு நகராத கழுதைக்கு ஒப்பிடுகிறார். பிரெஞ்சு அரசவையினர் காதில் 'கழுதை' என்ற சொல் விழலாமா? அம்மையார் அச்சொல்லை விலக்கி, பொறுமையும் வலிமையும் உள்ள ஒரு விலங்கு என்று சுற்றி வளைத்து எழுதினார். அவர் காட்டிய ஹோமர் சற்றே அரசவை உடை உடுத்த ஹோமர்தான் என்று பின்வந்தோர் குறை கூறியதில் உண்மை உண்டு.

தாயின் கண்ணீர்

அம்மையாரின் நூல்களின் பின்னே ஒரு தாயின் துயரமும் இருந்தது. கிரேக்க வரலாற்று நூல்களைச் சிறு வயதிலேயே விரும்பிப் படித்த மகன் பாலப் பருவத்திலேயே இறந்தான். ஒரு மகள் லோன்ஷான் மடத்தில் துறவியானாள். எஞ்சிய மற்றொரு மகள், தாய்க்குத் தோழியாகவே வளர்ந்தவள், 18ஆம் வயதில் காலமானாள். இலியத் மொழிபெயர்ப்பு நிறைவு பெறும் வேளை அது.

வாழ்நாள் முழுவதும் பிறர் குரலிலேயே பேசி வந்த அம்மையார், அந்நூலின் முன்னுரை முடிவில் தம் சொந்தக் குரலில் பேசினார். மகளை இழந்த துயரை மறைக்காமல் எழுதினார். மகனை இழந்த பிரியாம் மன்னன் பகைவனின் காலைப் பற்றி அழும் காட்சியை இறுதிக் காண்டத்தில் கொண்டது இலியத் காவியம். அதை மொழிபெயர்த்த கை எத்தகைய தாயின் கை என்பதை எண்ணிப் பாருங்கள். அடுத்து ஒடிசி காவியத்தை அவர் வெளியிட ஐந்து ஆண்டுகள் ஆயின.

பழமையோரும் புதுமையோரும்

இனி வழக்கிற்கு வருவோம். 1687இல் சார்ல் பெரோ என்பவர் அகாதெமியில் ஒரு பாடலைப் படித்தார். உங்களுக்கு இவரைத் தெரியும்: சிண்ட்ரெல்லா கதையை 1697இல் பிரெஞ்சில் எழுதி வெளியிட்டவர் இவரே. பழங்காலத்துக் கிரேக்கரையும் ரோமரையும்விட நம் மன்னர் காலத்துப் புலவரே சிறந்தவர் என்பது அப்பாடலின் கருத்து. புவாலோ என்ற கவிஞர் சினந்து எழுந்தார். பழமையோர், புதுமையோர் என இரு கட்சிகள் தோன்றின. அம்மையாரின் இலியத் வெளிவந்த 1711ஆம் ஆண்டிலேயே புவாலோ மறைந்தார். பழமையோரின் தலைமை, கேளாமலே அம்மையாரிடம் வந்தது.

1714இல் ஊதார் த லா மோத் என்ற கவிஞர் புதிய இலியத் ஒன்றைச் செய்யுளில் வெளியிட்டார். அவருக்குக் கிரேக்கம் தெரியாது. அம்மையாரின் மொழிபெயர்ப்பைக் கையில் வைத்துக் கொண்டே அதை எழுதினார். 24 காண்டங்களை 12 ஆக்கினார். வீரர்கள் ஒருவரையொருவர் ஏசுவது, தேவர்கள் சண்டையிடுவது, நீண்ட வருணனைகள் ஆகியவை இக்காலத்துக்கு ஒவ்வாதவை என்று வெட்டினார். சிலவற்றைத் தாமே புதிதாகப் புனைந்தார். ஹோமரின் ஆவியே தோன்றித் திருத்தி எழுதுமாறு தம்மை வேண்டியதாக ஒரு பாடலையும் முன்னே வைத்தார்!

அம்மையாரால் பொறுக்க முடியவில்லை. அதே ஆண்டில், மக்களின் இலக்கியச் சுவை கெட்டதற்கான காரணங்களை ஆராயும் நூல் ஒன்றை எழுதினார். 600 பக்கங்களுக்கு மேற்பட்ட அந்நூலில் லா மோத்தின் வாதங்களை ஒவ்வொன்றாக எடுத்து மறுத்தார். ஹோமரின் அரசகுமாரர்கள் தாமே இறைச்சி சுட்டு விருந்தினருக்குப் படைக்கிறார்கள். அரசகுமாரி ஆற்றில் துணி வெளுக்கிறாள். இவை இழிவு என்று புதுமையோர் நகைத்தனர். விவிலியத்தில் ஆபிரகாம் தம் கையாலேயே விருந்தினரை உபசரிக்கவில்லையா, ரெபேக்கா கிணற்றில் நீர் முகக்கவில்லையா என்று பழைய உலகின் எளிமையை எடுத்துக் காட்டுவது அம்மையாரின் வாதமுறை. நம் வழக்கத்திற்கு மாறானது எல்லாம் குற்றமாகி விடாது என்பதே அவர் கட்சி.

நூலின் நடை கடுமையாக இருந்தது. 1715இல் லா மோத் எழுதிய மறுமொழியோ மிக மென்மையாக இருந்தது. லா மோத்தின் நூல் நயமறிந்த ஒரு பெண் எழுதியது போலவும், அம்மையாரின் நூல் ஒரு பண்டிதர் எழுதியது போலவும் இருந்தன என்று வொல்தேர் வேடிக்கையாக எழுதினார். சொல்லின் கடுமையால் அம்மையாரின் வாதம் பலரிடம் வலுவிழந்தது உண்மை. வாதிடப் பழகும் மாணவியர் கவனிக்க வேண்டிய இடம் இது.

வழக்கு வளர்ந்தது. அறிஞர் பலர் நூல் எழுதினர். பெண் கல்வி பற்றி 1687இல் நூல் எழுதிய பேராயர் ஃபெனலோன், எப்பக்கமும் சாயாமல் இரு திறத்தாரின் நிறையையும் எடுத்துச் சொன்னார். அருதுவேன் என்ற இயேசு சபைக் குரு ஹோமரைப் புகழ்ந்தே ஒரு நூல் எழுதினார்; ஆனால் அவர் கூறிய பொருள் மூலத்திற்குப் பொருந்தாதது என்று அம்மையார் 1716இல் அதையும் மறுத்தார். தம் கட்சிக்கு உதவுகிறது என்பதற்காகத் தவறான விளக்கத்தை அவர் ஏற்கவில்லை.

சமாதான விருந்து

1716 ஏப்ரலில் வலேன்கூர் என்ற நண்பர் இருவரையும் தம் இல்லத்திற்கு விருந்துக்கு அழைத்தார். அம்மையாரும் லா மோத்தும் ஒரே மேசையில் அமர்ந்தனர். லா மோத் அப்போது கண்பார்வை இழந்திருந்தார். விருந்தினர் அனைவரும் கிண்ணத்தை உயர்த்தி ஹோமரின் நலத்திற்காக அருந்தினர். பகை தீர்ந்தது. அவ்வாண்டே அம்மையாரின் ஒடிசி மொழிபெயர்ப்பும் வெளிவந்தது.

அவர் புகழ் கடல் கடந்தும் பரவிற்று. ஆங்கிலக் கவிஞர் போப், 1715 முதல் இலியத்தை ஆங்கிலச் செய்யுளில் வெளியிட்டபோது அம்மையாரின் மொழிபெயர்ப்பையும் குறிப்புகளையும் பெரிதும் பயன்படுத்தினார். போப்பின் முன்னுரையில் ஹோமருக்கு நேர்ந்த குறைகளாகத் தாம் கண்டவற்றை அம்மையார் 1719இல் எழுதிய மறுமொழியில் சுட்டினார். முதுமையிலும் அவர் எழுதுகோல் ஓயவில்லை. 1720 ஆகஸ்டு 17 அன்று லூவர் மாளிகையில் அவர் உயிர் நீத்தார். ஈராண்டுகளில் கணவரும் அவரைத் தொடர்ந்தார்.

நாம் பெறும் பாடம்

வழக்கில் வென்றவர் யார்? லா மோத்தின் இலியத்தை இன்று தேடிப் படிப்பார் அரியர். மூலத்தை முழுமையாகத் தர வேண்டும் என்ற அம்மையாரின் கொள்கையோ, நல்ல மொழிபெயர்ப்பாளர் பலரும் போற்றும் நெறியாக நிற்கிறது.

ஆனால் அதைவிடப் பெரிய உண்மை ஒன்று இதில் உள்ளது. லா மோத் ஹோமரைக் குறை கூறியது எந்த நூலைப் படித்து? அம்மையாரின் நூலைப் படித்தே! தம்மை எதிர்ப்பவருக்கும் ஹோமரைப் பற்றிப் பேசும் ஆற்றலைத் தந்தவர் அவரே. கிரேக்கம் கற்ற சிலரின் தனியுடைமையாக இருந்த நூலைப் பொதுவில் வைத்தார். பொதுவில் வைத்த பொருளை எல்லாரும் தொடுவர். சிலர் சிதைக்கவும் செய்வர். அதற்காகப் பெட்டியில் பூட்டி வைப்பதா? அம்மையார் பூட்டி வைக்கவில்லை. திறந்து வைத்தார், பிறகு காவலும் நின்றார்.

மாணவியரே, நாம் வாசிக்கும் விவிலியமும், நம் நூலகத்தில் உள்ள அயல்நாட்டுக் கதைகளும், யாரோ ஒருவர் இரவு விளக்கின் முன் அமர்ந்து சொல் சொல்லாகத் தேடித் தந்தவை. அட்டையில் ஆசிரியரின் பெயரைப் பார்க்கும் நாம் கீழே சிறிய எழுத்தில் இருக்கும் மொழிபெயர்ப்பாளரின் பெயரையும் இனிப் பார்ப்போமாக. அடுத்த முறை மொழிபெயர்ப்பு வினா வரும்போது தெரியாத சொல்லைத் தாண்டிச் செல்லுமுன் ஒரு கணம் நில்லுங்கள். அகராதியைத் திறவுங்கள். அந்தச் சொல்லை எழுதியவர் நம் எதிரில் நின்று பேச முடியாதவர். அவர் சார்பில் பேசும் பொறுப்பு அந்த நேரத்தில் நம்முடையது.

மூலையில் அமர்ந்து பூவேலை செய்த சிறுமி, விடை தெரியாத அண்ணனுக்கு மெல்ல எடுத்துக் கொடுத்தாள் அல்லவா? பின்னாளில் ஒரு நாட்டிற்கே அவர் செய்ததும் அதே பணிதான்.